வா என்றால் போ!

டாயெங் சிங்காரா கையைக் கவிழ்த்துக் கூப்பிட்டாள்.

உள்ளங்கை தரையைப் பார்க்க, நான்கு விரல்களும் ஒன்றாக மடங்கி நிமிர, மக்காசர் துறைமுகத்தில் எல்லாரும் எல்லாரையும் கூப்பிடுகிற மாதிரிதான் கூப்பிட்டாள். வாயைத் திறக்கவில்லை. படகுத்துறையின் அடுத்த கோடியில், தன் கப்பலுக்குச் சந்தனக் கட்டை ஏற்றுவதைப் பார்த்துக்கொண்டு நின்ற பரங்கித் தூதுவன் பைவா தலையை நிமிர்த்தினான். அவளைப் பார்த்தான். அடுக்கிக் கிடந்த கட்டைகளைச் சுற்றிக்கொண்டு நேராக அவளை நோக்கி நடந்து வந்தான். அவனுக்கு மஞ்சள் குடை பிடிக்கிறவன் பின்னாலேயே ஓடி வந்தான்.

"வந்துட்டாரு," என்றான் சிங்காராவின் பக்கத்தில் நின்ற துவார்த்தே, உதடு அசையாமல். "தீனி போட்டா வர்ற கோழி மாதிரி வந்துட்டாரு, டாயெங்." டாயெங் என்பது மக்காசரில் மதிப்பான வீட்டாரைக் கூப்பிடுகிற மரியாதைப் பட்டம்.

சிங்காராவுக்கு உடம்பெல்லாம் கொதித்தது. இதே கையைத்தான், இதே மாதிரி கவிழ்த்து ஆட்டித்தான், அவள் தம்பி ராங்கா இந்த மனிதனைக் கூப்பிட்டான். அன்றைக்கு இவன் போகவில்லை. ராங்கா செத்துப்போனான்.

ராங்கா பைவாவுக்குத் துபாஷி. பைவா பேசுகிற பரங்கி மொழியை ஊர்க்காரர்களுக்கும், ஊர்க்காரர்கள் பேசுவதைப் பைவாவுக்கும் எடுத்துச் சொல்வது அவன் வேலை. போன வாரம், ஆமை ஓடு பார்க்கலாம் என்று இரண்டு பேர் மட்டும் சின்னப் படகில் துறைக்கு எதிரே உள்ள மணல்திட்டுக்குப் போனார்கள். திட்டில் இறங்கி நடந்த ராங்காவின் காலில் கல்மீன் முள் ஏறிவிட்டது. கல்மீன் குத்தினால் காலை ஊன்ற முடியாது, நீந்தவும் முடியாது. கடலோ ஏறிக்கொண்டிருந்தது. படகில் இருந்த பைவாவைப் பார்த்து ராங்கா கையை ஆட்டினான். பைவா பாயை விரித்துக்கொண்டு கரைக்கு வந்துவிட்டான். தூரத்தில் வலை போட்டவர்கள் கை ஆடியதைப் பார்த்தார்கள். படகுதான் பக்கத்திலேயே இருக்கிறதே, அது போகும் என்று இருந்துவிட்டார்கள்.

விசாரணையில் பைவா தேம்பித் தேம்பி அழுதான். பரங்கி நாட்டில் உள்ளங்கையை மேலே காட்டி ஆட்டினால்தான் வா என்று அர்த்தமாம். கீழே காட்டி ஆட்டினால் போ என்று அர்த்தமாம். காற்றில் ராங்காவின் குரல் கேட்கவே இல்லையாம், கை மட்டும்தான் தெரிந்ததாம். 'நீங்கள் போங்கள், நான் மீன்காரர்களோடு வருகிறேன்' என்று ராங்கா சொல்வதாக நினைத்துக்கொண்டானாம். இந்தக் கிழக்குக் கடல் பக்கமே அவன் முதல் தடவையாக வந்தவனாம், இந்த ஊர்க் கைப் பேச்சும் வாய்ப் பேச்சும் அவனுக்கு எப்படித் தெரியும்? சபை முழுக்க உச்சுக் கொட்டியது. துறைமுகத்துக்கு அரசர் வைத்த அதிகாரியான ஷாபந்தர் தீர்ப்புச் சொன்னார். தெரிந்து செய்தவனாக இருந்தால் எந்தக் குடையும் அவனைக் காப்பாற்றாது, கொன்றவனைச் செத்தவன் வீட்டாரிடமே கொடுத்துவிடுவது வழக்கம். தெரியாமல் செய்தவன் மேல் நம் சட்டம் பாயாது. அதோடு விசாரணை முடிந்தது.

காரியத்துக்கு ஒரு சுருள் பட்டு அனுப்பி வைத்தான் பைவா. சிங்காரா அதை வாசலில் விரித்து அதன் மேல் மீன் காயப்போட்டாள்.

சிங்காராவின் பிழைப்பே சந்தேகப்படுவதுதான். துறையில் எது திருடுபோனாலும், எந்த மூட்டையில் கலப்படம் இருந்தாலும் ஷாபந்தர் அவளைத்தான் கூப்பிடுவார். அவளுக்கு எடுபிடி, பேச்சுத்துணை எல்லாம் துவார்த்தே. அப்பன் பரங்கி மாலுமி, அம்மா மலாக்காக்காரி. எட்டு மொழியில் பேசுவான், எட்டிலும் திட்டு வாங்குவான். அவன்தான் இன்றைக்கு இந்தக் கைப் பொறியை வைக்கலாம் என்று சொன்னான். கூப்பிட்டால் வருகிறானா பார்க்கலாம், வந்தால் மாட்டினான் என்றான். கட்டை ஏற்றுகிற கூலிகள், மீன் விற்கிற பெண்கள், ஷாபந்தரின் காவலர்கள் என்று பார்ப்பதற்கு ஆள் வேண்டிய மட்டும் இருந்தார்கள். பைவா வந்தும் விட்டான்.

"நான் கூப்பிட்டதும் எப்படி வந்தார்னு கேளு," என்றாள் சிங்காரா.

துவார்த்தே பரங்கி மொழியில் கேட்டான். பைவா தன் வலது கையைத் தூக்கிப் பார்த்தான். அவன் கண்ணில் தண்ணீர் கோத்தது. மெல்லிய குரலில் என்னவோ சொன்னான். துவார்த்தேயின் முகம் தொங்கிப்போனது.

"இந்தக் கைக்கு அர்த்தம் அன்னைக்குச் சபையிலதான் தெரிஞ்சுதாம். இனிமே சாகிற வரைக்கும் மறக்க மாட்டாராம். யார் இப்படிக் கூப்பிட்டாலும் ஓடணும்னு ராங்கா பேர்ல சத்தியம் பண்ணியிருக்காராம்."

சுற்றி நின்ற மீன்காரி ஒருத்தி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். இன்னொருத்தி சிங்காராவைப் பார்த்து, துக்கப்படுகிற மனுஷனை இப்படியா சோதிப்பது என்று முணுமுணுத்தாள். பைவா நெஞ்சில் கை வைத்துத் தலை குனிந்து வணங்கிவிட்டு, குடையும் அவனுமாகத் திரும்பிப் போனான்.

"பொறியில இருந்த கருவாட்டையும் தின்னுட்டு, வாயையும் துடைச்சிட்டுப் போறாரு," என்றான் துவார்த்தே.

"உன் யோசனைதானே."

"என் யோசனைன்னு தெரிஞ்சும் கேட்டீங்களே, அதைச் சொல்லுங்க."

சிங்காரா கடலைப் பார்த்தாள். காற்று திரும்பிவிட்டது. நாளைக்குக் காலையில் விடைபெறும் சபை, சபை முடிந்ததும் பைவா கப்பல் ஏறுவான். அவள் பெரியப்பா மகன் லீரா இப்போதே குத்துவாளைத் தீட்டிக்கொண்டு திரிகிறான். அந்த மஞ்சள் குடை அரசர் அனுப்பியது. அதன் கீழே நிற்கிறவனைத் தொட்டால் அரசரையே தொட்ட மாதிரி, தொட்டவன் வீட்டில் ஆண் பிள்ளை ஒருத்தன் மிஞ்ச மாட்டான். தொடாமல் விட்டாலோ, தம்பி ரத்தத்துக்குப் பதில் கேட்காத வீடு என்று ஊர் காறித் துப்பும். அந்த வீட்டில் பெண் எடுக்க மாட்டார்கள், பெண் கொடுக்க மாட்டார்கள், கல்யாணத்தில் உட்காரப் பாய் போட மாட்டார்கள். இது எல்லாவற்றுக்கும் மேலே, அவளுக்கு அந்த மனிதன் சாக வேண்டும். ஊருக்காக இல்லை, அவளுக்காகவே சாக வேண்டும்.

அவன் கண்ணில் வந்த தண்ணீரை அவள் கிட்டத்தில் பார்த்தாள். நினைத்த நேரத்துக்கு வருகிற தண்ணீர் அது. ஆனால் கண்ணீரைப் பிடித்துக் கொண்டுபோய் ஷாபந்தரிடம் காட்ட முடியாது.

"ராங்கா கடைசி நாள்ல வேலை செஞ்ச இடம் எது?" என்று கேட்டாள்.

"பேரம் பேசுற கூடம்தான். வேற எங்க?"

கூடத்தில் அப்போது யாரும் இல்லை. வியாபாரிகளுக்கு வெற்றிலை மடித்துக் கொடுக்கிற சப்பே மட்டும் மூலையில் உட்கார்ந்து பாக்கு வெட்டிக்கொண்டிருந்தாள். அவள் கண்ணுக்குத் தப்பி அந்தக் கூடத்தில் ஒருவரும் ஏப்பம்கூட விட முடியாது. ராங்காவைப் பற்றிக் கேட்டதும் ஒரு பாட்டம் அழுதாள். பைவாவைப் பற்றிக் கேட்டதும் உதட்டைப் பிதுக்கினாள். நல்ல மனுஷர்தான், வெற்றிலையைக் கீழே துப்ப மாட்டார், தாராளமாகக் கொடுப்பார். ஆனால் முசுடு.

"முசுடுன்னா?"

"சிரிக்கவே மாட்டாரும்மா. அந்தச் செம்பட்டைத் தலை டேனிஷ்காரர் இருக்காரே, அவருக்கும்தான் நம்ம பேச்சு ஒண்ணும் புரியாது. ஆனா நாம சிரிச்சா அவரும் கூடவே சிரிப்பாரு. எதுக்குச் சிரிக்கிறோம்னே தெரியாம, எல்லாரையும் விடப் பலமா சிரிப்பாரு. இவரு அப்படி இல்ல."

துவார்த்தே தலையாட்டினான். உண்மைதான் என்றான். ஒரு நாள் பேரம் சூடாக இருந்தபோது, இறுக்கம் போகட்டும் என்று அவனே ஒரு வேடிக்கை பேசினானாம். இந்தத் தூதுவர் தாடியில் ஒரு கோழி அடைகாத்துக்கொண்டிருக்கிறது, அதனால்தான் இவர் தலையை ஆட்டாமல் பேசுகிறார் என்று மக்காசர் மொழியில் சொன்னானாம். கூடமே உருண்டு புரண்டு சிரித்ததாம். ஷாபந்தர்கூட வாயைப் பொத்திக்கொண்டாராம்.

"பைவா?"

"கல்லு மாதிரி உட்கார்ந்திருந்தாரு. என் வாழ்க்கையில இவ்வளவு நல்ல வேடிக்கை இவ்வளவு மோசமான ஆள்கிட்டப் போய்ச் சேர்ந்ததில்ல."

"காது மட்டும் செவந்துச்சு," என்றாள் சப்பே, பாக்குவெட்டியை நிறுத்தாமல். "வெயில்னு நெனச்சேன்."

சிங்காரா அப்படியே நின்றாள். அவள் மண்டைக்குள் ஒவ்வொன்றாக வந்து உட்கார்ந்தது.

மொழி புரியாதவன் என்ன செய்வான்? எல்லாரும் சிரித்தால் தானும் சிரிப்பான். இல்லையென்றால், என்ன, என்ன என்று துபாஷியின் தோளைத் தட்டிக் கேட்பான். பைவா சிரிக்கவும் இல்லை, கேட்கவும் இல்லை. அவன் சிரிப்பை அடக்கவில்லை, கோபத்தை அடக்கினான். தாடியில் கோழி என்றது அவனுக்குப் புரிந்துவிட்டது.

"துவார்த்தே, சந்தனம் விற்கிறவங்க இவன் முன்னாடியே தங்களுக்குள்ள விலை பேசிப்பாங்களா?"

"பேசாம? பரங்கிக்கு என்ன புரியப்போகுதுன்னு, இதுக்குக் கீழ மட்டும் இறங்காதேன்னு வாய் விட்டே பேசிப்பாங்க. இவரும் சரியா அந்த அடி விலையிலயே வந்து நிற்பாரு. அதிர்ஷ்டக்காரன்னு ஊர்ல ஒரு பேரே உண்டு." சொல்லிக்கொண்டே வந்தவன் நின்றான். அவன் வாய் திறந்தபடி இருந்தது. "அட பாவி."

"அரசரோட ஆளுங்க? கப்பல் எப்ப போகுது, எந்தப் பக்கம் போகுதுன்னு?"

"அதையும்தான் பேசுவாங்க," என்றான் துவார்த்தே. இந்தத் தடவை அவன் கிண்டல் எதுவும் சேர்க்கவில்லை.

அரசரின் காரியங்களை ஒட்டுக் கேட்ட தூதுவன் என்று தெரிந்தால் அந்தக் குடையாலேயே அடித்துத் துரத்துவார்கள், அல்லது அதைவிட மோசமாகச் செய்வார்கள். இது யாருக்குத் தெரிந்திருக்கும்? நாள் முழுக்க அவன் பக்கத்திலேயே உட்கார்ந்து அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தவனுக்குத்தான் தெரிந்திருக்கும். துபாஷிக்கு. பைவா அவனுக்காகக் கல்மீனைத் தேடிப் போகவில்லை. கல்மீன் தானாக வந்து காரியத்தை முடித்துக் கொடுத்தது, பைவா பாயை விரித்ததோடு சரி.

ஷாபந்தரிடம் போய்ச் சொன்னாள். அவர் பொறுமையாகக் கேட்டார். சிரிக்காமல் இருப்பது எந்தச் சட்டத்தில் குற்றம் என்று கேட்டார். காது சிவந்ததற்காக ஒரு தூதுவனை அரசரின் குடையிலிருந்து இறக்க முடியுமா என்று கேட்டார். காலையில் படகுத்துறையில் நடந்த கூத்தும் அவர் காதுக்கு வந்திருந்தது. ராங்கா தனக்கும் பிள்ளை மாதிரிதான், ஆனால் இன்னொரு தடவை தூதுவன் பக்கம் கையை நீட்டினால் இந்த வேலையை மறந்துவிட வேண்டியதுதான் என்றார். எழுந்து போகும்போது, நாளைச் சபைக்குத் துபாஷி வேண்டும், ராங்கா இல்லை, துவார்த்தேயை அனுப்பு என்றும் சொல்லிவிட்டுப் போனார்.

சிங்காரா வெளியே வந்தாள். துவார்த்தே ஒரு வாழை இலையில் சுட்ட மீனை வைத்துத் தின்றுகொண்டிருந்தான். அவன் பக்கத்தில் உட்கார்ந்து, காதருகே குனிந்து, கொஞ்ச நேரம் பேசினாள். அவன் மெல்லுவதை நிறுத்தினான்.

"இதைச் சொன்ன அடுத்த நிமிஷம் என் கழுத்துல தலை இருக்குமா?"

"அவன் வாயைத் திறந்தா இருக்கும்."

"திறக்கலன்னா?"

"நானும் உன் கூடவே வரேன்."

துவார்த்தே மீதி மீனைப் பார்த்தான். இலையோடு அவள் பக்கம் தள்ளிவிட்டான். "ராங்கா என்கிட்ட ரெண்டு சேவல் கடன் வாங்கியிருந்தான்," என்றான். "சரி. அந்தத் திருட்டுச் சேவல் கணக்குக்காகப் போறேன்னு வெச்சுக்குங்க."

காலையில் கூடம் நிறைந்திருந்தது. ஷாபந்தர் மேடையில் உட்கார்ந்திருந்தார். அவருக்கு இரண்டு பக்கமும் அரசரின் ஆட்கள் இடுப்பில் குத்துவாளோடு சம்மணம் போட்டிருந்தார்கள். பின்வரிசையில் ராங்கா வீட்டுச் சொந்தங்களோடு லீரா, கண் சிவந்து, தூங்காத முகத்தோடு இருந்தான். சிங்காரா அவன் பக்கத்தில் உட்கார்ந்து அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள். இந்தக் கூடத்துக்கு வருகிறவர்களில் பரங்கி மொழி தெரிந்த இன்னொருவர் உண்டு, ஒரு கிழட்டுக் கப்பல் தலைவர். அவரை விடிந்ததுமே, வடக்குத் துறையில் ஆமை ஓடு களவு போயிருக்கிறது, வந்து பாருங்கள் என்று சிங்காரா அனுப்பிவைத்திருந்தாள். களவு ஒன்றும் போகவில்லை.

பைவா கறுப்பு வெல்வெட் அங்கியில் வந்தான். மஞ்சள் குடை அவன் தலைக்கு மேலே நின்றது. வணங்கிவிட்டுப் பேசத் தொடங்கினான். அவன் ஒரு வாக்கியம் சொல்ல, துவார்த்தே அதை மக்காசர் மொழியில் சொன்னான். அரசரின் அன்புக்கு நன்றி. துறைமுகத்தின் நியாயத்துக்கு நன்றி. தன்னை அனுப்பிய வியாபாரிகள் சார்பில் என்றென்றும் நட்பு. எல்லாம் தேனும் பாலுமாக ஓடியது. ஷாபந்தர் தலையசைத்தார். பைவா ஒவ்வொரு வாக்கியத்துக்குப் பிறகும் துவார்த்தேயின் வாயைப் பார்த்துக் காத்திருந்தான், எதுவும் புரியாதவன் காத்திருக்கிற மாதிரியே. என்ன நடிப்புடா சாமி என்று சிங்காரா பல்லைக் கடித்தாள்.

கடைசியாகப் பைவா குரலைத் தழைத்து, கையை நெஞ்சில் வைத்து, நீளமாக ஒன்று சொன்னான். இந்த ஊர் மக்களின் மானத்தைப் பற்றிப் போகிற இடமெல்லாம் சொல்வேன், உங்கள் அரசரின் பெருமையை என் பிள்ளைகளுக்கும் சொல்வேன் என்பது அதன் பொருள். அது துவார்த்தே ஒருவனுக்குத்தான் தெரியும்.

துவார்த்தே தொண்டையைக் கனைத்தான். முகத்தில் ஒன்றும் காட்டவில்லை.

"இந்த ஊர்ல மானம்னு ஒண்ணு இருக்கான்னு தேடிப் பார்த்தேன், யார்கிட்டயும் கிடைக்கலன்னு சொல்றாரு," என்றான் நிதானமாக. "உங்க அரசர்கிட்டயும் கிடைக்கலயாம். செத்துப்போன துபாஷி நாய் மாதிரி செத்தான், அதைக் கேக்கக்கூட இங்க ஒரு ஆம்பள இல்லன்னு சொல்றாரு."

மக்காசரில் ஒருவனை அடிக்கலாம், அவன் மாட்டை ஓட்டிக்கொண்டு போகலாம், அதற்கெல்லாம் பேசித் தீர்க்க வழி உண்டு. மானம் இல்லாதவன் என்று சொன்னால் வழி இல்லை. அதுவும் அரசரை. அரசரின் ஆட்கள் மொத்தமாக எழுந்தார்கள். வாள்கள் உறையிலிருந்து வருகிற சத்தம் கேட்டது. லீரா அவள் பிடியை உதறிக்கொண்டு எழுந்துவிட்டான். குடை பிடிக்கிறவன் குடையோடு நடுங்கினான்.

சிங்காரா பைவாவின் முகத்தை மட்டும் பார்த்தாள். மொழி தெரியாத மனிதனுக்கு இந்த நேரத்தில் முதலில் குழப்பம் வரும். என்ன ஆயிற்று என்று துபாஷியைத்தான் பார்ப்பான். பைவா துவார்த்தேயைப் பார்க்கவில்லை. நேராக ஷாபந்தரைப் பார்த்தான். அவன் முகத்தில் சொட்டு ரத்தம் இல்லை.

"பொய்! நான் அப்படிச் சொல்லல! இவன் பொய் சொல்றான். மானம் இல்லைன்னு நான் சொல்லவே இல்ல, அரசரை நான் பெருமையாத்தான் சொன்னேன்!"

அட்சர சுத்தமான மக்காசர் மொழி. அதுவும் தெற்கே பந்தாயெங் கரைக்காரர்கள் இழுக்கிற அதே இழுப்போடு. ஒரு மழைக்காலம் இரண்டு மழைக்காலத்தில் வருகிற பேச்சு இல்லை அது, வருஷக்கணக்காக அங்கேயே உண்டு உறங்கினவன் பேச்சு. அப்படிப்பட்டவனுக்குக் கையைக் கவிழ்த்துக் கூப்பிட்டால் வா என்று தெரியாமல் இருக்குமா?

வாளை உருவியவர்கள் உருவின கையோடு நின்றார்கள். சொல்லி முடித்த பிறகுதான் தான் எந்த மொழியில் கத்தினோம் என்று பைவாவுக்கே உறைத்தது. வாயைப் பொத்தப் போன அவன் கை பாதியில் நின்றது.

துவார்த்தே தடாலென்று மேடைக்கு முன்னால் விழுந்தான். "அவர் சொல்றதுதான் நிஜம், கராயெங். நான்தான் பொய் சொன்னேன். அவர் பேசினது எல்லாம் பூவும் பொட்டுமா இருந்துச்சு. பொய்யின்னு அவருக்குப் புரிஞ்சுதே, அதுக்குத்தான் சொன்னேன். என் நாக்கை வெட்டுறதுன்னா, நுனியை மட்டும் வெட்டுங்க, பொழப்பு அதுலதான் ஓடுது."

யாரும் சிரிக்கவில்லை. ஷாபந்தர் பைவாவையே பார்த்துக்கொண்டிருந்தார். இந்தக் கூடத்தில் அவன் முன்னால் தான் வாய்விட்டுப் பேசியதெல்லாம் அவருக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வருவது முகத்திலேயே தெரிந்தது. கப்பல்கள், காற்று, யாரை நம்பலாம், யாரை நம்பக் கூடாது. பிறகு குடை பிடிக்கிறவனைப் பார்த்து ஒரே ஒரு வார்த்தை சொன்னார்.

"மடக்கு."

மஞ்சள் குடை மடங்கியது. குடை இல்லாமல் பைவா சாதாரண ஆளாக, கொஞ்சம் குட்டையாக, வெல்வெட்டுக்குள் வேர்த்துப்போய் நின்றான். தெரிந்து செய்தவன் என்றார் ஷாபந்தர். வீட்டாரிடம் கொடுங்கள் என்றார்.

அவனை முற்றத்துப் புளிய மரத்தடிக்குக் கொண்டுவந்தார்கள். லீரா வாளோடு முன்னால் போனான். சிங்காரா அவனைத் தடுத்து, அந்த வாளைத் தன் கையில் வாங்கிக்கொண்டாள். அவள் பைவாவின் முன்னால் போய் நின்றபோது அவன் அழவில்லை. இப்போது அழுகை எதுவும் வாங்கித் தராது என்று அவனுக்குத் தெரியும். அவன் வியாபாரி. கையில் மிஞ்சியிருக்கிற சரக்கை எடுத்து வைத்தான்.

"உன் தம்பி கைய மட்டும் ஆட்டல," என்றான் மெதுவாக, அவள் மொழியிலேயே. "வாயாலயும் சொன்னான். அது என்னன்னு உலகத்துல எனக்கு மட்டும்தான் தெரியும். என்னைக் கொன்னா அதுவும் சேர்ந்து போயிடும். கப்பல் ஏற விடு, சொல்றேன்."

அந்த வார்த்தைகள் சிங்காராவுக்கு வேண்டும். தம்பியின் உடம்பு கிடைத்த நாளிலிருந்து, தண்ணீர் ஏற ஏற அவன் என்ன சொல்லியிருப்பான் என்பதைத் தவிர அவள் வேறு எதையும் நினைக்கவில்லை. வேண்டும் என்பது முகத்தில் தெரிந்தால் விலை ஏறும். அவளும் இந்தத் துறையில் வளர்ந்தவள்தான். வாயைத் திறக்காமல் நின்றாள்.

அவன் கொஞ்சம் காத்திருந்தான். கப்பல் வேண்டாம், சரக்கையும் எடுத்துக்கொள், உயிரோடு ஏதாவது ஒரு படகில் ஏற்றிவிடு என்றான். அவள் நின்றாள். உயிரோடு விட்டால் போதும், அவள் வீட்டில் அடிமையாகக் கிடக்கிறேன் என்றான். அவள் நின்றாள். லீரா பல்லை நறநறவென்று கடித்தான். பைவா அவனைப் பார்த்தான், அவன் பின்னால் நின்ற சொந்தங்களைப் பார்த்தான். இவர்கள் கையில் கிடைத்தால் சாயங்காலம் வரைக்கும் சாகவிட மாட்டார்கள் என்பது அவனுக்குப் புரிந்தது.

"அவங்க கையில குடுக்காதே," என்றான். "நீயே பண்ணு. ஒரே குத்துல முடிச்சிடு. அது போதும்."

சிங்காரா தலையை அசைத்தாள். பேரம் முடிந்தது.

பைவா சொன்னான். "தண்ணி இடுப்புக்கு வந்துடுச்சு. கூப்பிட்டுக்கிட்டே இருந்தான். அப்புறம் கையை நிறுத்திட்டு என் மூஞ்சியைப் பார்த்தான். 'துரை, உங்களுக்கு எங்க பேச்சு புரியும்னு எனக்கு எப்பவோ தெரியும்'னான். 'நான் யார்கிட்டயும் சொல்ல மாட்டேன். எங்க அக்காகிட்டகூடச் சொல்லல. வாங்க துரை'ன்னான்."

துவார்த்தே முகத்தைத் திருப்பிக்கொண்டான். ராங்காவும் சிங்காராவும் ஒரே சட்டியில் சாப்பிட்டார்கள், ஒரே கூரையின் கீழ் படுத்தார்கள். இந்த மனிதனின் ரகசியத்தைத் தம்பி அவளிடமிருந்தே மறைத்துக் காப்பாற்றியிருக்கிறான். அந்த வாயை அடைக்கத்தான் இவன் பாயை விரித்தான்.

"அவன் கடைசிவரைக்கும் சொல்லல," என்றாள் சிங்காரா. "நீயாத்தான் சொன்ன."

பிறகு, பேசின விலைப்படி, ஒரே குத்தாகக் குத்தினாள்.